சபையில் 'அன்று' என்றவர்: மானூர், உத்தரமேரூர்க் கல்வெட்டுகளில் மறுப்பும் உடன்பாடும்

தமிழகத்துக் கல்வெட்டுகளில் ஊர்ச் சபைகள் தம்மைக் குறிக்கும்பொழுது 'சபையோம்', 'ஊரோம்', 'நாட்டோம்' என்று தன்மைப் பன்மையிலேயே பேசுகின்றன. நிலம் விற்றவர் சபையோம். திருவிளக்குக்குப் பொன் கைக்கொண்டவர் சபையோம். வாரியம் வகுத்தவரும் சபையோமே. கூட்டம் குறைவறக் கூடியிருந்து ஒரு முடிவுக்கு வந்ததாக அவை தம்மைப் பற்றி எழுதி வைக்கின்றன. இத்துணையர் வேண்டுமென்றனர், இத்துணையர் வேண்டாவென்றனர் என்று தலையெண்ணிக் காட்டுவது அக்கல்வெட்டுகளின் வழக்கமன்று. ஆகவே அவற்றைப் படிப்பார்க்குப் பண்டை ஊரவை ஒரே குரலினதாய், பூசலற்றதாய், ஒற்றுமையே உருவானதாய்த் தோன்றுதல் இயல்பு. இத்தோற்றம் எத்துணை உண்மையானது என்பதே ஈண்டு ஆராயப்படும் பொருள்.

இவ்வாராய்ச்சி வெறும் சொல்லாராய்ச்சியன்று. 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் வெங்கையா உத்தரமேரூர்க் கல்வெட்டுகளை அறிஞர் உலகிற்கு அறிமுகம் செய்த நாள்தொட்டு, நாட்டு விடுதலையை விழைந்தோர் அவற்றைத் தம் வழக்கிற்குச் சான்றாக எடுத்தாண்டனர். குடியாட்சி மேனாட்டார் தந்த கொடை அன்று, எம் ஊர்களில் ஆயிரம் ஆண்டுகட்கு முன்பே இருந்தது என்பது அவர்தம் வாதம். 1948 நவம்பர் 4ஆம் நாள் இந்திய அரசியல் நிர்ணய சபையில் அம்பேத்கர் இதற்கு நேர்மாறாகப் பேசினார்; ஊர் என்பது குறுகிய நோக்கின் உறைவிடம், அதனைக் குடியரசு எனப் போற்றுதல் தகாது என்பது அவர் கருத்து. அதே திங்கள் 22ஆம் நாள் க. சந்தானம் கொணர்ந்த திருத்தத்தினால் ஊராட்சி மன்றங்கள் அமைக்க வேண்டுமென்னும் நெறி அரசியற் சட்டத்தில் இடம்பெற்றது. இன்று அது 40ஆம் உறுப்பாக உள்ளது. அம்பேத்கர் அத்திருத்தத்தை ஏற்றுக்கொண்டார். இருதிறத்தாரும் ஊரவையைப் பற்றி ஒன்றை மட்டும் ஆராயாமலே கொண்டனர்: அவையின் உள்ளே கருத்து மாறுபட்டவன் என்ன ஆனான் என்பதை ஒருவரும் கேட்டிலர்.

இலக்கியம் இதற்கு மிகுதியாக உதவுவதில்லை. திருக்குறளில் அவையறிதல், அவையஞ்சாமை என இரண்டு அதிகாரங்கள் உள்ளன. இரண்டும் அவையில் பேசுவோனின் திறத்தைப் பற்றியனவேயன்றி, அவை எவ்வாறு ஒரு முடிவுக்கு வருதல் வேண்டும் என்பதைப் பற்றியன அல்ல. பொருநராற்றுப்படையில் ஒரு குறிப்புண்டு. கரிகாலனது நாட்டுச் சிறப்பைக் கூறுமிடத்து, முதியோர் அவைக்குள் புகும்பொழுது தமக்குள் இருந்த பகையை விட்டொழிப்பர் என்னும் பொருள்பட முடத்தாமக்கண்ணியார் பாடியுள்ளார். பகை இருந்தது என்பதை இப்புலவர் மறைக்கவில்லை. அவையின் வாயிலோடு அது நின்றுவிட வேண்டும் என்பதே நெறி. ஆயினும் ஒரு மன்னனைப் புகழும் பாட்டில் வரும் செய்தி அது. நிற்க, அந்நெறி பிழைத்தபோது என்ன செய்தனர் என்பதைக் கல்லில்தான் தேடவேண்டும்.

தேடினால் முதற்கண் கிடைப்பது மானூர்க் கல்வெட்டு. திருநெல்வேலி மாவட்டத்து மானூரில் வட்டெழுத்தில் பொறிக்கப்பட்டுள்ள இது, பாண்டியன் மாறஞ்சடையனின் 35ஆம் ஆட்சியாண்டிற்கு உரியது, கி.பி. 800ஐ ஒட்டியது என்பது பெரும்பான்மையோர் துணிபு. மானநிலைநல்லூர் என்பது அக்காலத்து ஊர்ப்பெயர். களக்குடி நாட்டைச் சேர்ந்த பிரமதேயமாகிய அவ்வூரின் மகாசபையார் முரசறைந்து அறிவித்துக் கோவர்த்தனத்துக் கூடியிருந்து, தம் சபையில் மன்றாடுதற்கு உரியார் யாவர் என்பதைப் பற்றிச் சில கட்டளைகளை வகுத்துக்கொண்டனர். மன்றாடுதல் என்பது இக்காலத்தில் இரந்து கேட்டலைக் குறிக்கும். கல்வெட்டில் அதன் பொருள் மன்றத்தில் பங்கு கொண்டு ஆராய்தல். ஒரு சொல்லின் வீழ்ச்சியில் ஒரு நிறுவனத்தின் வீழ்ச்சியும் அடங்கியிருப்பது போலும்!

அக்கட்டளைகளுள் முற்பகுதி உரிமையைப் பற்றியது. ஊரில் பங்குடையார் மக்களுள் ஒரு பங்கிற்கு ஒருவரே மன்றாடலாம். அவரும் மந்திர பிராமணமும் ஒரு தருமமும் கற்ற நல்லொழுக்கத்தினராய் இருத்தல் வேண்டும். விலைக்கும் கொடையாகவும் சீதனமாகவும் பெற்ற பங்குகளுக்கும் இத்தகைய தகுதி வேண்டும். அவ்வாறு பெற்ற பங்கினால் முழுச் சிராவணையே பெறலாம்; காற் சிராவணை, அரைச் சிராவணை, முக்காற் சிராவணை என்பன இல்லை. சிராவணை என்பது சபையில் செவிசாய்க்கப் பெறும் உரிமை எனலாம். முழுச் சிராவணை இல்லாதார் எவ்வாரியத்திலும் அமர்தல் கூடாது.

இவ்விதிகள் எதனை உணர்த்துகின்றன? பங்கு விற்கப்பட்டது, மகட்கொடையாகச் சென்றது, கூறு கூறாகப் பிரிந்தது. பங்கு பிரியப் பிரிய, பங்கினால் வரும் குரலும் பிரிந்து பெருகியிருத்தல் வேண்டும். கால் பங்குடையான் கால் குரல் கேட்டானா, அன்றி முழுக் குரலே கேட்டானா என்பது கல்லில் இல்லை. ஆனால் கால், அரை, முக்கால் என்று பெயர் சொல்லி விலக்குதற்கு அவை முன்னர் நடைமுறையில் இருந்திருத்தல் வேண்டும். வழக்கில் இல்லாத ஒன்றை எவரும் விதி வகுத்து விலக்குவதில்லை.

இறுதி விதியே நமக்கு இன்றியமையாதது. மேற்கூறிய தகுதிகளோடு மன்றாடுவார், சபையில் எப்பொருள் வரினும் 'அன்று, அன்று' என்று சொல்லிக் குத்துக்கால் செய்தல் கூடாது. அங்ஙனம் செய்தாரும், அவர்க்குத் துணை நின்றாரும் ஐந்து காசு தண்டம் இறுத்தல் வேண்டும். இறுத்த பின்னரும் இவ்விதிக்கு உட்பட்டே ஒழுகுதல் வேண்டும். குத்துக்கால் என்பது செங்குத்தாக நாட்டும் காலுக்குப் பெயர். வழியில் ஒரு கால் நட்டால் வண்டி போகாது. தடை செய்தலுக்கு இதனினும் பொருத்தமான சொல்லைத் தேடிக் காண்டல் அரிது.

இவ்விதியைக் கண்ட சிலர், பண்டைச் சபையில் கருத்து வேற்றுமைக்கே இடமில்லை என்று முடிவு கட்டினர். வேறு சிலர், வீண் தடையை விலக்கிய அறிவுடைமை என்று இதனைப் பாராட்டினர். இருவகை முடிபும் விரைந்து செய்தனவே. விதியின் சொற்களை மூன்று இடங்களில் நிறுத்திப் பார்த்தல் நன்று.

முதலாவது, தண்டிக்கப்படுவது ஒரு பொருளில் மறுப்புரைத்தல் அன்று. வந்த பொருள் எதுவாயினும் மறுத்தலேயாம். ஒருவன் ஏரிக்கரை பற்றிய ஒரு கருத்தை மறுத்துத் தோட்டம் பற்றியதை ஒப்பினால் அவன் குத்துக்கால் செய்தவனாகான். எனினும் 'எப்பொருளையும் மறுத்தான்' என்பதை முடிவு செய்வது யார்? மறுக்கப்பட்ட அதே சபைதான். தண்டத்தைப் பொருள்தோறும் ஐந்து காசு எனக் கொள்வர் அறிஞர். அது சரியாயின், கணக்கு ஒவ்வொரு மறுப்பிற்கும் தனித்தனியே ஏறும். வழக்கமான தடைக்காரனுக்கு என வகுத்த விதி, ஒரு முறை மறுத்தவன் மேலும் பாய்தற்கு இதனால் வாயில் திறந்தே இருந்தது.

இரண்டாவது, துணை நின்றாரும் தண்டத்திற்கு உரியர். தனி ஒருவனின் பிடிவாதம் மட்டும் இடராக இருந்திருப்பின் துணைவரைச் சொல்ல வேண்டியதில்லை. மானநிலைநல்லூர்ச் சபையில் கட்சிகள் இருந்தன என்பதற்கு இதனினும் வலிய சான்று வேண்டுவதில்லை. 'சபையோம்' என்னும் பன்மையின் உள்ளே குறைந்தது இரண்டு 'யாம்' இருந்திருக்கின்றன.

மூன்றாவது, தண்டம் இறுத்தவன் சபையினின்றும் நீக்கப்பட்டான் என்று விதி கூறவில்லை. காசு கொடுத்தபின் அவன் மீண்டும் வந்து அமர்கிறான்; அதே விதிக்கு உட்படுகிறான். மறுப்பவனை வெளியே தள்ளாமல் உள்ளே வைத்துக்கொண்டே அவன் மறுப்பிற்கு விலை குறித்தனர். அவ்விலையைச் செல்வமுடையான் எளிதில் கொடுத்திருக்கக்கூடும்; வறிய பங்காளி அடங்கியிருக்கக்கூடும். மேலும், இவ்விதி கல்லாதாரைக் குறித்தது அன்று. முன் விதிகளால் வேதமும் தருமமும் கற்றாரே சபையில் நின்றனர்; அவருள்ளேதான் 'அன்று, அன்று' என்பார் இருந்தனர். கல்வி பூசலைத் தீர்த்துவிடும் என்னும் நம்பிக்கையோடு தொடங்கிய கட்டளை, கற்றார் பூசலுக்குத் தண்டம் வகுத்து முடிகிறது.

உலக வரலாற்றில் இதன் மறுதலையும் உண்டு. போலந்து நாட்டுப் பேரவையில் ஓர் உறுப்பினர் எழுந்து மறுத்தால் முழு அவையின் செயலும் கலைந்துபோகும் என்னும் உரிமை நிலவிற்று. 1652இல் ஒருவரது மறுப்பால் அவை முதன்முறை முறிந்தது. 1791ஆம் ஆண்டின் அரசியற் சட்டமே அவ்வுரிமையை நீக்கிற்று. அங்கும் அடிப்படை நெறி அனைவரும் ஒப்புதல் வேண்டும் என்பதே, மானூரிலும் அதுவே. ஒருமனப்பாட்டை விரும்பும் அவை, மறுப்பவனுக்கு முழு அதிகாரம் கொடுத்தல் வேண்டும். அன்றி அவனை அடக்குதல் வேண்டும். எண்ணிப் பார்த்துப் பெரும்பான்மை காணும் வழி ஒன்றே இவ்விரண்டிற்கும் நடுவே உள்ளது. அவ்வழி இந்திய நாட்டிற்குத் தெரியாததும் அன்று. பௌத்த வினய பிடகத்துச் சுள்ளவக்கம், பூசல் தீராதபோது சலாகை எனப்படும் குச்சிகளைக் கொடுத்து வாங்கி எண்ணிப் பெரும்பான்மை காணும் முறையை விரித்துரைக்கின்றது. மறைவாக வாங்குதல், செவியில் ஓதி வாங்குதல், வெளிப்படையாக வாங்குதல் என மூவகையும் கூறுகின்றது. ஆயினும் சங்கத்தின் அன்றாட வினைகளில் அறிவிப்பைக் கேட்டு வாளா இருத்தலே உடன்பாடாகக் கொள்ளப்பட்டது. துறவியர் கண்ட இம்முறையை மானூரார் கைக்கொண்டதாகக் கல்வெட்டுக் கூறவில்லை.

இனி உத்தரமேரூர். வைகுந்தப் பெருமாள் கோயிலில் உள்ள முதற் பராந்தகனின் 12ஆம், 14ஆம் ஆட்சியாண்டுக் கல்வெட்டுகள் (கி.பி. 919, 921) அனைவரும் அறிந்தன, நீலகண்ட சாத்திரியார் 1932இல் வெளியிட்ட சோழர் வரலாறும் ஆட்சியும் பற்றிய ஆய்வுத் தொகுதியில் அவற்றை விரிவாக ஆய்ந்துள்ளார். ஆதலின் முழுவதும் விரித்தல் மிகை. முப்பது குடும்புகள், கால் வேலிக்கு மேற்பட்ட இறைநிலமும், தன் மனையில் எடுத்த வீடும், வேதக் கல்வியும் உடையார் பெயர்கள் ஓலையில் எழுதப்படும், குடும்புவாரியாகக் கட்டிக் குடத்தில் இடப்படும், ஏதும் அறியாத ஒரு சிறுவன் ஓலையை எடுப்பான், மத்தியஸ்தன் ஐந்து விரலும் அகல விரித்த உள்ளங்கையில் அதனை ஏற்று வாசிப்பான், கூடியிருந்த நம்பிமார் அனைவரும் அதனை வாசிப்பர். இவ்வாறு பெற்ற முப்பதின்மருள் பன்னிருவர் சம்வற்சர வாரியமும், பன்னிருவர் தோட்ட வாரியமும், அறுவர் ஏரி வாரியமும் ஆவர்.

இதனைத் 'தேர்தல்' என்றும், ஓலையை 'வாக்குச் சீட்டு' என்றும் பாடநூல்கள் எழுதி வருகின்றன. இது பெரும் பிழை. குடவோலை என்பது திருவுளச்சீட்டு. இதில் வேட்பாளரும் இல்லை, வாக்காளரும் இல்லை. தகுதியுடையார் அனைவர் பெயரும் குடத்தில் உள்ளன; எப்பெயர் வருமென்பது சிறுவனின் கையில் உள்ளது. அச்சிறுவன் ஏதும் அறியாதவனாய் இருத்தல் வேண்டுமென்பதும், மத்தியஸ்தன் விரல்களை விரித்துக் காட்டல் வேண்டுமென்பதும் இம்முறையின் உயிர்நாடி. ஓலையை ஒளித்தும் மாற்றியும் வைப்பார் உண்டு என்னும் ஐயம் இல்லாத இடத்தில் விரல்களை விரிக்கச் சொல்வது எதற்கு? (அகநானூற்று 77ஆம் பாட்டில் மருதன் இளநாகனார் கயிற்றால் கட்டிய குடத்தின் பொறியை நீக்கி ஓலை எடுப்பாரை உவமையாக்குகின்றார். ஓலையைக் குடத்தில் இட்டுப் பொறி வைத்துக் காக்கும் வழக்கம் சோழர்க்கு மிகப் பழையது என்பதற்கு அதுவே போதும்.)

மானூரார் பூசலைத் தண்டத்தால் அடக்க முயன்றனர். உத்தரமேரூரார் பூசல் எழும் இடத்தையே மாற்றினர். 'யார் வாரியம் செய்வது' என்பதே ஊரைப் பிளக்கும் வினா என்று கண்டு, அவ்வினாவைச் சபையின் கையினின்றும் எடுத்துக் குடத்திற்குள் இட்டனர். தோற்றவன் என்று ஒருவன் இல்லாமற் போனான். பெயர் வராதவன் மட்டுமே இருந்தான். முந்நூற்றறுபது நாள் கழிந்தால் வாரியம் மாறும். வாரியம் செய்தவன் மூன்றாண்டு கழியாமல் மீண்டும் குடத்தில் புகான். இவ்வேற்பாட்டின் நுண்மையை வியவாதிருத்தல் இயலாது.

ஆயினும் பூசல் ஒழிந்ததா? இரண்டு ஆண்டுகளுக்குள் கட்டளையைத் திருத்த நேர்ந்தது என்பதை மறத்தலாகாது. 919இல் வயது வரம்பு முப்பதுக்கு மேல் அறுபதுக்குள். 921இல் முப்பத்தைந்துக்கு மேல் எழுபதுக்குள். இளையோர் சிலர் நீங்கினர். முதியோர் சிலர் உட்புகுந்தனர். இரண்டாம் கட்டளையில் விலக்கப்படுவோர் பட்டியலும் நீண்டது. வாரியம் செய்து கணக்குக் காட்டாதான் மட்டுமன்றி, அவனுடைய சிற்றன்னை பேரன்னை மக்கள், அத்தை மக்கள், மாமன் மக்கள், மாமனார், மருமகன், தந்தை, மகன் என உறவு முறை முழுவதும் விலக்கப்பட்டது. ஊரைக் கெடுக்கும் கிராமகண்டகர், கழுவாய் செய்து தூயரான பின்னும் சாமளவும் குடத்தில் பெயர் இடப்பெறார். மானூரில் ஐந்து காசு கொடுத்து மீண்டும் அமர்ந்தவன் நினைவிற்கு வருகிறான். உத்தரமேரூரில் அவனுக்கு இடமில்லை. தீயோர் அழிந்து நல்லோர் தழைத்தற்பொருட்டு இவ்வேற்பாடு என்று கட்டளையே கூறிக்கொள்கிறது. யார் தீயோர் என்பதைக் குடத்தில் இட்டு எடுக்கவில்லை. அதனைச் சபையே முடிவு செய்தது. குடத்தின் உள்ளே பூசல் இல்லை. குடத்தில் எவ்வோலை இடப்பெறும் என்னும் இடத்திற்கு அது பெயர்ந்தது.

இன்னும் ஒன்று. இருமுறையும் அரசன் ஆணை பெற்று வந்த அதிகாரி ஒருவர் உடனிருக்கவே சபையார் இவ்வேற்பாட்டைச் செய்தனர். 919இல் தத்தனூர் மூவேந்தவேளான், 921இல் சோமாசிப்பெருமான். தமக்குள் தீர்த்துக்கொள்ளவியலாத ஒன்று மன்னன் செவிவரை சென்றது என்று கொள்வதே பொருத்தம். முழுத் தன்னாட்சி என்று பாராட்டுவோர் இவ்விரு பெயர்களையும் விரைந்து கடந்துவிடுகின்றனர்.

இத்தகைய நுண்விதிகள் பிரமதேயச் சபைகளிலேயே மிகுதியாகக் காணப்படுவதும், வேளாண் ஊர்களின் 'ஊர்' அவைகளில் அருகியிருப்பதும் ஏன்? கல்வி ஒன்றே காரணம் என்று சொல்லப்பட்டு வந்தது. சப்பானியப் பேராசிரியர் நொபொரு கராசிமா 1966இல் திருச்சிராப்பள்ளிக்கு அண்மையில் உள்ள அல்லூர், ஈசானமங்கலம் என்னும் இரு ஊர்களின் கல்வெட்டுகளை ஒப்பிட்டு ஆய்ந்தார். பிரமதேயமாகிய ஈசானமங்கலத்தில் நிலம் தனியார் உடைமையாய்க் கைமாறியது. வேளாண் ஊராகிய அல்லூரில் ஊராரின் பொதுவுடைமை மேலோங்கியிருந்தது என்பது அவர் கண்ட முடிபு. இதனை மானூரின் கால், அரை, முக்காற் சிராவணையோடு சேர்த்து நோக்கினால் ஒரு விளக்கம் கிடைக்கிறது. நிலம் தனித்தனிப் பங்காய்ப் பிரிந்த இடத்தில் நலன்களும் பிரிந்தன. நலன் பிரிந்த இடத்தில் மறுப்பு எழுந்தது. மறுப்பு எழுந்த இடத்தில் விதி வேண்டியிருந்தது. ஆகவே விதியின் செறிவு ஒற்றுமையின் அளவுகோலன்று, பூசலின் அளவுகோல். இது எல்லா ஊருக்கும் பொருந்துமா என்பதை மேலும் பல ஊர்களின் கல்வெட்டுகளை வைத்தே உறுதி செய்தல் வேண்டும். இளம் ஆய்வாளர் இதனை மேற்கொள்வாராக.

மற்று, ஊரவையின் ஒப்புதல் எவருடைய ஒப்புதல் என்பதும் நோக்கற்குரியது. இறைநிலம் இல்லாதாருக்கு உத்தரமேரூர்க் குடத்தில் ஓலை இல்லை. அந்நிலங்களில் உழுதார், ஏரியில் மண் சுமந்தார், பறை அறைந்து சபையைக் கூட்டினார் ஆகியோர் மறுத்தனரா ஒப்பினரா என்பதைக் 'சபையோம்' கூறாது. அம்பேத்கரின் சினத்திற்குக் கல்வெட்டில் விடை இல்லை.

நிலம் உழுதார் வாய்திறந்து பேசிய கல்வெட்டுகளைக் காண நாம் 1429வரை காத்திருத்தல் வேண்டும். இரண்டாம் தேவராயன் காலத்தில், விருத்தாசலப் பகுதியிலும், காவிரிப் படுகையில் திருவைகாவூர், கொறுக்கை, ஆடுதுறை முதலிய ஊர்களிலும் வலங்கை 98, இடங்கை 98 என்று தம்மைக் கூறிக்கொள்ளும் இரு பெரும் பிரிவினரும் ஒருங்கு கூடி எழுதிய கல்வெட்டுகள் கிடைத்துள்ளன. இவ்விரு கையினரும் வழிவழிப் பகைவர். 11ஆம் நூற்றாண்டின் இறுதிப் பகுதியில், முதற் குலோத்துங்கன் ஆட்சியில், இவர்தம் கலகத்தால் இராசமகேந்திரச் சதுர்வேதிமங்கலம் எரியுண்டது. அத்தகையோர் அதிகாரிகளும் நிலவுரிமையாளரும் விளைவை நோக்காது வரி சுமத்தியதால் ஊரைவிட்டு ஓடும் நிலையை அடைந்து, பின் கூடினர். மண்டலத்தோர் தமக்குள் ஒன்றுபட்டு நில்லாமையால்தான் இக்கொடுமை நேர்ந்தது என்பதைத் தாம் உணர்ந்ததாகக் கொறுக்கைக் கல்வெட்டில் அவர்களே கூறுகின்றனர். இனி விளைவுக்கேற்ற நியாயமான வரியையே இறுப்போம் என்று முடிவு செய்து, இறுக்க வேண்டிய அளவையும் வகுத்துப் பொறித்தனர்.

பகைவர் இருவர் கூடிச் செய்த உடன்பாடாதலின் இதில் ஒருமை தானே அமைந்ததாகக் காட்டும் பாசாங்கு இல்லை. பிரிவும் அதன் விலையும் வெளிப்படையாக ஒப்பப்படுகின்றன. ஆனால் அங்கும் மாறுபட்டவனுக்கு விதி உண்டு. தம்முள் எவரேனும் அதிகாரிகளுக்குத் துணைசெய்தால் அவர் நாட்டுக்குத் துரோகி எனப்படுவார் என்று விருத்தாசலப் பகுதிக் கல்வெட்டுக் கூறுகிறது. அவருக்கு வகுத்த தண்டம் ஐந்து காசு அன்று.